ஊரைவிட்டுப் போகாத பறவைகள்: வடக்கின் பனிக்காலத்தை அவை கடக்கும் விதம்

டிசம்பர் விடுமுறைக்கு ஜப்பானின் ஹொக்கைடோ தீவுக்குச் சென்று வருவோர் வாங்கி வரும் நினைவுப் பொருள்களில் ஒரு குருவி பொம்மை அடிக்கடி இடம்பெறுகிறது. வெள்ளைப் பஞ்சு உருண்டையில் இரண்டு கறுப்புப் புள்ளிகளைக் கண்களாக வைத்து, பின்னால் ஒரு குச்சியைச் செருகியதுபோல் இருக்கும். அதன் பெயர் ‘ஷிமா எனாகா’. ஷிமா என்றால் தீவு. எனாகா என்றால் நீண்ட கைப்பிடி. அகப்பைக் காம்பு போல் நீண்டிருக்கும் வாலால் வந்த பெயர் அது.

உயிருள்ள ஷிமா எனாகாவின் எடை ஏறத்தாழ 8 கிராம். சிங்கப்பூரின் இப்போதைய ஒரு வெள்ளி நாணயமும் கிட்டத்தட்ட அதே எடைதான். பொம்மையில் காணும் உருண்டை வடிவம் அதன் இயல்பான உடல்வாகு அன்று. கோடையில் அது மெலிந்த, வால் நீண்ட குருவி. குளிர் ஏறும்போது இறகுகளை உயர்த்தி, அவற்றுக்கிடையே காற்றைச் சிறைப்பிடித்துக்கொள்ளும். அப்போதுதான் பந்தாகிறது. கடைகளில் அழகுப் பொருளாக விற்கப்படுவது, உறையும் குளிரில் உயிரைப் பிடித்துக்கொண்டிருக்கும் ஒரு பறவையின் தோற்றம்.

வடக்குப் பறவைகள் என்றதும் இவ்வட்டார மக்களுக்கு நினைவுக்கு வருபவை வலசைப் பறவைகள். சைபீரியா வரையிலான வடபகுதிகளிலிருந்து புறப்பட்டு வரும் உள்ளான்களும் அவற்றின் உறவுப் பறவைகளும் ஆண்டுதோறும் செப்டம்பர் முதல் மார்ச் வரை சுங்கை பூலோவின் சேற்றுப் பரப்பில் இரை தேடுகின்றன. அதைப் பார்த்துப் பழகியவர்களுக்கு, பனி தொடங்கியதும் எல்லாப் பறவைகளும் தெற்கே வந்துவிடுகின்றன என்று தோன்றுவது இயல்பு.

உண்மையில் பறவைகளை ஊரைவிட்டுத் துரத்துவது குளிரைவிடப் பசிதான். சேறு உறைந்துவிட்டால் உள்ளானுக்கு இரை இல்லை; பறக்கும் பூச்சிகள் மறைந்துவிட்டால் தகைவிலானுக்கு இரை இல்லை. அதனால் அவை கிளம்புகின்றன. மரப்பட்டையின் இடுக்கிலும் ஊசியிலை மரங்களின் காய்களுக்குள்ளும் மொட்டுகளிலும் உணவைக் கண்டெடுக்கத் தெரிந்த பறவைகளுக்குக் கிளம்ப வேண்டிய கட்டாயம் இல்லை. நெடும்பயணத்தின் ஆபத்து அவற்றுக்கு மிச்சம். வசந்தம் வந்ததும் நல்ல இடத்தை முதலில் பிடித்துக்கொள்ளவும் முடியும். அதற்கு விலையாக அவை நூற்றுக்கும் மேற்பட்ட குளிர் இரவுகளை ஒவ்வொன்றாகக் கடக்க வேண்டும்.

சிறிய உடலின் சிக்கல்

சிறு கிண்ணத்தில் ஊற்றிய தேநீர், பெரிய பானையில் இருக்கும் தேநீரைவிட விரைவில் ஆறிவிடும். உள்ளிருக்கும் அளவோடு ஒப்பிட்டால் வெப்பம் வெளியேறும் பரப்பு சிறு கிண்ணத்துக்கு அதிகம். பறவைக்கும் இதே விதிதான். அன்னமோ கழுகோ குளிரை ஓரளவு பொறுத்துக்கொள்ளலாம். பத்து கிராம் குருவி ஒவ்வொரு நொடியும் வெப்பத்தை இழக்கிறது. அதன் உடல் வெப்பநிலையோ மனிதனுடையதைவிட அதிகம். பகலில் 40 டிகிரி செல்சியசுக்கும் மேல். வெளியே உறைநிலைக்குக் கீழே 30 டிகிரி என்றால், உடலின் உள்ளுக்கும் வெளிக்கும் இடையே 70 டிகிரி வேறுபாடு. இரண்டையும் பிரிப்பது ஓர் அங்குலத்துக்கும் குறைவான இறகுப் போர்வை.

அந்தப் போர்வையைப் பறவைகள் இலையுதிர் காலத்திலேயே புதுப்பித்துக்கொள்கின்றன. வட அமெரிக்காவில் வாழும் சாதாரண ஊர்க்குருவியின் இறகுத்தொகுதி, கோடை இறுதியில் பழையதை உதிர்த்துப் புதியது முளைத்ததும் ஏறக்குறைய 70 விழுக்காடு எடை கூடுவதாக அளந்துள்ளனர். இறகின் அடியில் இருக்கும் தூவிதான் காற்றைப் பிடித்து வைப்பது. நனைந்தால் பயனற்றுப் போகும் என்பதால், அலகால் எண்ணெய் தடவி இறகைக் கோதுவதற்குப் பறவைகள் பகல் நேரத்தில் ஒரு பங்கை ஒதுக்குகின்றன. இரவில் அலகையும் முகத்தையும் தோள் இறகுக்குள் செருகிக்கொண்டு உறங்குகின்றன.

போர்வை வெப்பம் வெளியேறுவதைத் தடுக்குமே தவிர வெப்பத்தை உண்டாக்காது. மனிதக் குழந்தைகளுக்கும் பல பாலூட்டிகளுக்கும் வெப்பம் தருவதற்கென்றே ‘பழுப்புக் கொழுப்பு’ என ஒன்று உண்டு. பறவைகளுக்கு அது கிடையாது. நடுக்கம் ஒன்றே அவற்றின் அடுப்பு. சிறகடிக்க உதவும் பெரிய மார்புத் தசைகள், பறக்காத வேளையிலும் விடாமல் நுண்ணிதாக நடுங்கி வெப்பம் தருகின்றன. மனிதனுக்கு நடுக்கம் ஓர் எச்சரிக்கை. சற்று நேரத்தில் களைத்துவிடுவான். பனிக்காலக் குருவி இரவு முழுவதும், உறக்கத்திலும் நடுங்கிக்கொண்டே இருக்கும். அந்த அடுப்புக்கு எரிபொருள் கொழுப்பு.

11 கிராமில் ஒரு வரவு செலவு

இந்தக் கணக்கை மிகத் தெளிவாகக் காட்டும் பறவை வட அமெரிக்காவின் கருந்தொப்பிச் சிக்கடி. பட்டாணிக்குருவியின் உறவினம். அப்பட்டாணிக்குருவி தமிழ்நாட்டிலும் உண்டு, மலேசியாவின் மேற்குக் கரைச் சதுப்புநிலக் காடுகளிலும் உண்டு. சிக்கடிக்குத் தமிழில் நிலைபெற்ற பெயர் இல்லை. ஆங்கிலப் பெயரும் அதன் குரலைக் கேட்டு வைத்ததே. தலையில் கறுப்புத் தொப்பி, வெள்ளைக் கன்னம், 11 அல்லது 12 கிராம் எடை. அலாஸ்காவின் நடுப்பகுதியில் உள்ள ஃபேர்பேங்க்ஸ் நகரைச் சுற்றிய காடுகளில் ஆண்டு முழுவதும் வாழ்கிறது. அங்கு டிசம்பர் மாதத்தின் மிகக் குறுகிய பகலில் சூரியன் மூன்றே முக்கால் மணி நேரம்கூட இருப்பதில்லை. உறைநிலைக்குக் கீழே 40 டிகிரியைத் தொடும் நாள்களும் வருவதுண்டு.

விடியலில் சிக்கடியின் உடலில் கொழுப்பு ஏறக்குறைய இல்லை. மங்கிய வெளிச்சத்திலேயே இரை தேடத் தொடங்கி, பட்டை இடுக்கில் உறைந்து கிடக்கும் சிலந்தி, பூச்சி முட்டை, விதை எனக் கிடைத்ததை எல்லாம் உண்டு, அந்தி சாய்வதற்குள் தன் எடையில் ஏறக்குறைய பத்தில் ஒரு பங்கைக் கொழுப்பாகச் சேர்த்துவிடுகிறது. 60 கிலோ எடையுள்ள மனிதர் காலையிலிருந்து மாலைக்குள் 6 கிலோ கூடுவதற்கு இது சமம். இரவு முழுவதும் நடுங்கி, அதை அப்படியே எரித்துவிட்டு, மறுநாள் மீண்டும் வெறும் உடலோடு விழிக்கிறது. சேமித்து வைத்து அடுத்த வாரம் பயன்படுத்தும் வசதி இல்லை. ஒரு பகல் தவறினால் அன்றிரவே முடிந்துவிடக்கூடும்.

அப்படிச் சேர்த்ததும் இருபது மணி நேர இரவுக்கு எளிதில் போதாது. ஆகவே சிக்கடி தன் அடுப்பின் தீயைக் குறைத்துவிடுகிறது. நியூயார்க் மாநிலத்தில் 1970களில் சிக்கடிகளை ஆராய்ந்த சூசன் சாப்லின், அவை இரவில் உடல் வெப்பநிலையைப் பகல் அளவைவிட 10 முதல் 12 டிகிரி வரை தாழ்த்திக்கொள்வதைக் கண்டறிந்தார். அதாவது 42இலிருந்து ஏறக்குறைய 30 டிகிரிக்கு. மனிதனின் உடல் அந்த அளவுக்குக் குளிர்ந்தால் நினைவிழந்துவிடுவான். சிக்கடியோ அதே நிலையில் உறங்கி, விடியுமுன் நடுக்கத்தைக் கூட்டி உடலை மீண்டும் சூடேற்றிக்கொள்கிறது. இதனால் மணிக்கு ஏறத்தாழ ஐந்தில் ஒரு பங்கு எரிபொருள் மிச்சமாகிறது. முழு உறக்கநிலைக்குப் போகும் பிராணிகளைப் போல் இது பல வாரம் நீடிப்பதில்லை. ஒவ்வோர் இரவும் இறங்கி ஒவ்வொரு காலையும் ஏறுகிறது.

உறங்கும் இடமும் முக்கியம். காற்று புகாத சிறு மரப்பொந்தில் சிக்கடி தனியாக ஒடுங்கிக்கொள்ளும். இடம் அவ்வளவு நெருக்கம். காலையில் வெளியே வரும் சில பறவைகளின் வாலிறகு ஒரு பக்கமாக வளைந்திருப்பதைக் கொண்டே, அவை இரவை எப்படிக் கழித்தன என்று அலாஸ்கா ஆய்வாளர்கள் புரிந்துகொள்கின்றனர்.

பறவை அளவின்றித் தின்று கொழுத்துக்கொண்டால் என்ன என்ற கேள்வி எழலாம். அதற்குப் பதிலை இங்கிலாந்தில் தற்செயலாக நடந்த ஒரு ‘சோதனை’ தந்தது. 1950களின் இறுதியிலும் 60களிலும் வேளாண் பூச்சிக்கொல்லிகளால் அங்கு ஸ்பேரோஹாக் எனும் சிறு வல்லூறு பல வட்டாரங்களில் அற்றுப்போனது. அதன் முக்கிய இரையான பெரிய பட்டாணிக்குருவி அந்த ஆண்டுகளில் பனிக்காலத்தில் எடை கூடியது. நச்சுமருந்துகளுக்குத் தடை வந்து வல்லூறு திரும்பியதும், குருவிகள் மீண்டும் மெலிந்தன. 1995ஆம் ஆண்டு ‘நேச்சர்’ ஆய்விதழில் வெளியான கட்டுரை இதை விவரித்தது. கொழுத்த குருவியால் சட்டென எழும்பிப் பறந்து தப்ப முடியாது. மெலிந்தால் குளிர் கொல்லும், கொழுத்தால் வல்லூறு கொல்லும். இரண்டுக்கும் நடுவில் ஓரிரு கிராம் இடைவெளியில்தான் அதன் வாழ்க்கை.

நெருக்கியடித்து உறங்குதல்

சிக்கடியைவிடச் சிறியவை, உடல் வெப்பத்தை ஒன்றோடொன்று பகிர்ந்துகொள்கின்றன. ஷிமா எனாகா சார்ந்த நீள்வால் குருவி இனம் ஐரோப்பாவிலும் உண்டு. குடும்பமாகத் திரியும் அவை, இரவில் ஒரே கிளையில் தோளோடு தோள் ஒட்டி வரிசையாக அமர்கின்றன. வரிசையின் இரு முனைகளிலும் இருப்பவைக்கே குளிர் அதிகம். நடுவிடத்துக்குப் போட்டி நடப்பதையும், கூட்டத்தில் செல்வாக்குள்ளவை அதைப் பிடித்துக்கொள்வதையும் பிரிட்டிஷ் ஆய்வாளர்கள் பதிவு செய்துள்ளனர். பாசக் காட்சிபோல் தெரியும் அந்தப் படங்களுக்குப் பின்னால் கொஞ்சம் இடிபாடும் இருக்கிறது.

வடகிழக்கு அமெரிக்காவின் மேய்ன் மாநிலக் காடுகளில் வாழும் பொன்முடிக் கிங்லெட்டின் எடை ஐந்தாறு கிராம்தான். அவ்வளவு சிறிய, பூச்சி மட்டுமே தின்னும் பறவை பனிக்காலத்தில் எதைத் தின்று பிழைக்கிறது என்பது நெடுநாள் புதிராக இருந்தது. உயிரியலாளர் பெர்ன்ட் ஹைன்ரிச் பல பனிக்காலங்கள் அவற்றைப் பின்தொடர்ந்தார். கிளைகளில் உறைந்த நிலையில் ஒட்டிக்கொண்டிருக்கும் ஒருவகைக் கம்பளிப்புழுக்களே அவற்றின் முக்கிய உணவு எனக் கண்டார். ஓர் இரவில் நான்கு கிங்லெட்டுகள் பைன் கிளையில் ஒன்றோடொன்று ஒட்டி, வால்கள் மட்டும் வெளியே தெரிய ஒரே பந்தாக உறங்குவதையும் நேரில் பார்த்தார்.

பகலில் தன் எல்லைக்குள் தன் இனத்தின் பிற பறவைகளை விடாத ரென் எனும் பழுப்புக் குருவி, கடுங்குளிர் இரவில் அந்த விதியைத் தளர்த்திவிடுகிறது. இங்கிலாந்தின் நார்ஃபோக் வட்டாரத்தில் 1969ஆம் ஆண்டுப் பனிக்காலத்தில், ஒரே கூட்டுப்பெட்டிக்குள் 61 ரென்கள் அடைந்ததை எண்ணியுள்ளனர்.

இவ்வளவு உத்திகள் இருந்தும் தோற்பதுண்டு. 1962 டிசம்பர் இறுதியில் பிரிட்டனில் தொடங்கிய உறைகுளிர் 1963 மார்ச் தொடக்கம் வரை விடவில்லை. மத்திய இங்கிலாந்தில் 1740க்குப் பிறகு அத்தகைய பனிக்காலம் கண்டதில்லை. ஆறுகள் உறைந்ததால் மீன்கொத்திகள் மடிந்தன. ரென்களில் பெரும்பகுதி அழிந்தது. கிங்லெட்டின் ஐரோப்பிய உறவான கோல்ட்கிரெஸ்ட் பல இடங்களில் கண்ணிலேயே படவில்லை. ஆனால் ஒரே கோடையில் இருமுறை முட்டையிட்டு நிறைய குஞ்சு பொரிக்கும் இனங்கள் என்பதால், அடுத்த பத்தாண்டுக்குள் அவற்றின் எண்ணிக்கை மீண்டும் ஏறியது. சிறு பறவைகளின் வாழ்வில் பேரிழப்பும் மீட்சியும் மாறி மாறி வருவன.

உறையாத கால்கள்

இறகில்லாத கால்களோடு வாத்து பனிக்கட்டியின்மேல் எப்படி நிற்கிறது என்பது பலர் கேட்பது. உடலிலிருந்து காலுக்கு இறங்கும் சூடான இரத்தக் குழாயும், பாதத்திலிருந்து மேலேறும் குளிர்ந்த குழாயும் ஒட்டி ஓடுகின்றன. இறங்கும் இரத்தம் தன் வெப்பத்தை ஏறும் இரத்தத்துக்குக் கொடுத்துவிட்டு, பாதத்தை எட்டும்போது உறைநிலைக்குச் சற்று மேலான சூட்டோடு மட்டும் இருக்கும். பாதத்தில் தசை குறைவு, எலும்பும் தசைநாணும்தான் அதிகம் என்பதால் அந்தச் சூடே போதும். அதுவும் தாங்காதபோது ஒற்றைக் காலில் நின்று மற்றதை இறகுக்குள் இழுத்துக்கொள்கிறது.

பனிக்குள் ஒரு வீடு

தமிழில் ‘பனி’ என்பது மார்கழி விடியலின் துளியையும் குறிக்கும், ஆளுயரம் குவியும் வெண்பனியையும் குறிக்கும். பின்னதைப் பகையாகக் கருதாமல் போர்வையாக்கிக்கொண்டவை குரௌஸ் எனப்படும் காட்டுக்கோழி வகைகள். புதிதாக விழுந்த பனியில் பெரும்பகுதி காற்றுதான். இறகைப் போலவே வெப்பத்தைத் தடுக்கும். வெளியே உறைநிலைக்குக் கீழே 30 டிகிரி இருந்தாலும், இரண்டடி ஆழத்தில் உறைநிலையை ஒட்டியே இருக்கும்.

வட அமெரிக்காவின் கழுத்துச்சிலிர்ப்பிக் குரௌஸ் மாலையில் மரமேறி மொட்டுகளை அவசரமாகத் தின்று இரைப்பையை நிரப்பிக்கொள்ளும். பிறகு கிளையிலிருந்து நேரே பனிக்குவியலுக்குள் பாய்ந்து மறையும். மேலே காலடித் தடம் இல்லாததால் நரிக்கு வழி தெரியாது. உள்ளே சற்றுத் தூரம் சுரங்கம் குடைந்து, தின்றதைச் செரித்தபடி விடியும்வரை கிடக்கும். பனிக்காலத்தில் அதன் விரல் ஓரங்களில் சீப்புப் பற்கள் போன்ற செதில்கள் முளைக்கின்றன. பனியில் கால் புதையாமல் நடக்க அவை உதவும், வசந்தத்தில் உதிர்ந்துவிடும்.

இதற்குத் தேவை மிருதுவான ஆழ்ந்த பனி. நடுவே ஒரு நாள் மழை பெய்து மேற்பரப்பு இறுகிவிட்டால் பறவை உள்ளே நுழைய முடியாது. அப்போது இரவைக் கிளையில் கழிக்க வேண்டியதுதான்.

ஒளித்து வைத்ததை நினைவில் கொள்ளுதல்

பனிக்காலத்துக்கு முன்பே உணவைப் பதுக்குவது இன்னொரு வழி. காக்கைக் குடும்பத்தைச் சேர்ந்த கிளார்க்ஸ் நட்கிராக்கர், மேற்கு அமெரிக்க மலைகளில் ஓர் இலையுதிர் காலத்தில் 30,000 அளவில் பைன் விதைகளைச் சிறுசிறு குவியல்களாக மண்ணில் புதைக்கிறது. பல மாதம் கழித்து, பனி மூடிய நிலத்தில், அருகிலுள்ள பாறையையும் மரத்தையும் அடையாளமாகக் கொண்டு இடத்தைக் கண்டுபிடிக்கிறது.

சிக்கடியும் விதைகளைத் தனித்தனியே ஒளிக்கும். அலாஸ்காவிலிருந்தும் குளிர் குறைந்த கொலராடோவிலிருந்தும் பிடித்த சிக்கடிகளை ஒரே சூழலில் வைத்து ஒப்பிட்ட ஆய்வு 2002ல் வெளியானது. அலாஸ்காப் பறவைகள் அதிக விதைகளைப் பதுக்கின, அவற்றைத் துல்லியமாகக் கண்டெடுத்தன. இட நினைவுக்குரிய மூளைப்பகுதியும் அவற்றுக்குப் பெரியதாக இருந்தது.

மனிதர் வைக்கும் தீவனம்

வடநாடுகளில் வீட்டுத் தோட்டத்தில் விதைத்தட்டு தொங்கவிடுவது பழக்கம். அது உண்மையில் உதவுகிறதா என்று அமெரிக்காவின் விஸ்கான்சின் மாநிலத்தில் 1980களில் ஆராய்ந்தனர். தீவனம் கிடைத்த சிக்கடிகளில் 69 விழுக்காடு பனிக்காலத்தைத் தாண்டின. கிடைக்காதவற்றில் 37 விழுக்காடு. கடுங்குளிர் நாள்கள் மிகுந்த மாதங்களில்தான் இந்த வேறுபாடு தெரிந்தது. நெடுநாள் பழகிய தீவனத்தை நிறுத்திப் பார்த்தபோது, அப்பறவைகள் தீவனமே அறியாத பறவைகளுக்குக் குறையாமல் பிழைத்தன. ‘சோம்பேறியாகிவிடும்’ என்ற அச்சத்துக்கு அங்கு ஆதாரம் கிடைக்கவில்லை.

ஹொக்கைடோவில் கதை சற்று வேறு. அங்குள்ள செங்கொண்டைக் கொக்குகள் 1952ல் எண்ணியபோது 33 மட்டுமே இருந்தன. அந்தக் கடும் பனிக்காலத்தில் உள்ளூர் மக்கள் தானியம் வைக்கத் தொடங்கினர். இன்று அவை ஆயிரத்தைத் தாண்டிவிட்டன. இரவில் அவை உறையாமல் ஓடும் ஆற்றின் நடுவே நிற்கின்றன. காற்றைவிட நீர் சூடு, நரியும் அணுகாது. ஆனால் எல்லாம் ஒரே இடத்தில் கூடுவதால் நோய் பரவும் அச்சம் எழுந்து, ஜப்பான் அரசு அண்மை ஆண்டுகளில் தீவனத்தைப் படிப்படியாகக் குறைத்து அவற்றைப் பரவச் செய்ய முயல்கிறது.

குளிர் குறைந்தால் என்ன ஆகும்?

குளிர் குறைவது இப்பறவைகளுக்கு நல்லதுதானே என்று தோன்றும். கனடாவின் அல்கோன்குவின் பூங்காவில் 1960களிலிருந்து கவனிக்கப்பட்டு வரும் கனடா ஜே அதற்கு மாறான செய்தியைத் தருகிறது. காக்கை உறவான இந்தச் சாம்பல் பறவை, இறைச்சித் துணுக்கு, காளான், பழம், பூச்சி என அழுகக்கூடிய உணவைப் பசைபோன்ற எச்சிலில் உருட்டி மரப்பட்டைக்குள் ஒட்டி வைக்கிறது. காடே அதன் உறைபெட்டி. அந்தக் கையிருப்பை நம்பி, பிப்ரவரி இறுதியிலும் மார்ச்சிலும், சுற்றிலும் பனி கிடக்கும்போதே முட்டையிடுகிறது. கையிருப்பு எல்லாருக்கும் போதாது என்பதால், கோடைத் தொடக்கத்தில் குஞ்சுகளில் வலியது மட்டும் பெற்றோரோடு தங்கி, மற்றவற்றை விரட்டிவிடும். விரட்டப்பட்டவற்றில் பெரும்பாலானவை அந்த இலையுதிர் காலத்தைக் காண்பதில்லை.

இலையுதிர் காலம் வெதுவெதுப்பானால் ஒட்டி வைத்த உணவு கெட்டுவிடும். ஆய்வாளர்கள் டான் ஸ்டிரிக்லண்டும் தாமஸ் வெயிட்டும் 2006ல் வெளியிட்ட ஆய்வில், வெப்பமான இலையுதிர் காலத்துக்குப் பின் ஜேக்கள் தாமதமாகவும் குறைவாகவும் இனப்பெருக்கம் செய்வதைக் காட்டினர். 1980களுக்குப் பின் அந்த ஆய்வுப் பகுதியில் அவற்றின் எண்ணிக்கை பாதிக்கும் மேல் குறைந்துவிட்டது. எஞ்சியவை பெரும்பாலும் ஸ்புரூஸ் போன்ற ஊசியிலை மரங்கள் அடர்ந்த பகுதிகளில் இருக்கின்றன. அம்மரங்களின் பட்டைக்கடியில் வைத்த உணவு மற்ற மரங்களில் வைத்ததைவிட நெடுநாள் கெடாமல் இருக்கிறது. இலையுதிர் மரங்கள் மிகுந்த எல்லைகளை ஜேக்கள் ஒவ்வொன்றாகக் கைவிட்டு வருகின்றன.